பதில்: தபசிலில் (சொத்து விவரப் பட்டியலில்) சர்வே உட்பிரிவு எண் மாறிப்போச்சு, பிராதை (வழக்கு மனுவை) திருத்த முடியுமா?

அண்ணாச்சி, முடியும். சேரன்மகாதேவி வயலுக்கு 2பி என்று வரவேண்டியது 2ஏ ஆகிவிட்டது, எதிர்வாதி பதிலுரையில் உங்கள் உரிமையையே மறுக்கிறார் என்கிறீர்கள். எண்ணைத் திருத்துவது, உரிமைக்கான பரிகாரத்தைச் சேர்ப்பது, இரண்டையும் ஒரே திருத்த மனுவில் கேளுங்கள். உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 6 விதி 17.

எண் பிழை பெரிய விஷயமில்லை. கிரயப் பத்திரத்தில் "கன்னடியன் கால்வாய்க்கு வடக்கு" என்கிற மாதிரி நான்குமால் (நாலு பக்க எல்லை) சரியாக இருந்தால், அதையும் பட்டாவையும் புலப்படத்தையும் (சர்வே வரைபடம்) மனுவோடு வையுங்கள்.

இரண்டாவதுதான் கவனம். பிராதில் வெறும் உறுத்துக்கட்டளை (தடையாணை) மட்டும் கேட்டிருக்கிறீர்கள். உரிமையில் வில்லங்கம் கிளம்பினால் விளம்புகை, அதாவது சொத்து உங்களுடையது என்று கோர்ட் அறிவிப்பது, கேட்பதே சரி. 2008இல் உச்சநீதிமன்றம் அனத்துலா சுதாகர் வழக்கில் இதை விளக்கியிருக்கிறது. ஆனால் மறுப்பு முதலில் எழுந்த நாளிலிருந்து 3 வருஷக் காலவரம்பு ஓடுகிறது. பழைய வக்கீல் நோட்டீஸ் எதிலாவது மறுத்திருக்கிறாரா என்று தேடிப் பாருங்கள். கோர்ட் கட்டணமும் கூடும். மதிப்பு முன்சீப் வரம்பைத் தாண்டினால் பிராது வேறு கோர்ட்டுக்குப் போகும்.

சாட்சி பிரமாணப் பத்திரம் இன்னும் போடவில்லை என்பது நல்ல காலம். அதைப் போட்டு விசாரணை தொடங்கிவிட்டால், உரிய கவனத்தோடு இருந்தும் முன்பே கேட்க முடியவில்லை என்று காட்டவேண்டும். "வக்கீல் குமாஸ்தா டைப் பிழை" என்பதெல்லாம் லேசில் எடுபடாது.

அப்புறம், அனுமதி கிடைத்ததும் சும்மா இருந்துவிடாதீர்கள். உத்தரவில் கெடு இல்லையென்றால் 14 நாளுக்குள் பிராதில் திருத்தியாகவேண்டும். மனு தள்ளுபடியானால் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் சீராய்வு போடலாம்.