வெள்ளவத்தை பிளாட்டில் சின்னக் கரப்பான்கள்: ஸ்பிரே அடித்தும் ஏன் போகவில்லை?

கேள்வி: வெள்ளவத்தையில் பிளாட் ஒன்றை வாடகைக்கு எடுத்திருக்கிறோம். குசினி முழுக்கச் சின்னச் சின்னக் கரப்பான் பூச்சிகள். வாரத்துக்கு ஒரு டின் ஸ்பிரே முடிகிறது, பூச்சி குறையவில்லை. கைக்குழந்தை இருக்கிறது. என்ன செய்யலாம்?

பதில்: முதல் வேலையாக அந்த ஸ்பிரே டின்னை அலுமாரியில் வைத்துப் பூட்டுங்கள். நானும் இதே வெள்ளவத்தையில், மூன்றாம் மாடியில், ஒன்றரை வருடம் அதைத்தான் அடித்துக்கொண்டிருந்தேன். அடித்த இரவு பத்துப் பதினைந்து செத்துக் கிடக்கும். இரண்டு நாள் நிம்மதி. மூன்றாம் நாள் படுக்கை அறையில் ஒன்று, புத்தக அலுமாரியில் இரண்டு, கடைசியில் மகளின் பள்ளிக்கூடப் பைக்குள்ளும் ஒன்று. குசினியோடு நின்றிருந்த பூச்சியை வீடெல்லாம் பரப்பியது நான்தான் என்று பிறகுதான் விளங்கியது. ஸ்பிரேயின் வாடை பட்ட இடத்தை விட்டு அவை விலகி ஓடும். அதோடு, இந்தச் சின்ன இனத்தில் பல பூச்சிகளுக்கு வழக்கமான ஸ்பிரே மருந்துகள் பழகிப்போய்விட்டன.

யாழ்ப்பாணத்திலிருந்து அம்மா வந்திருந்தபோது நான் டின்னும் கையுமாக நிற்பதைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "அடிச்சுக் கலைக்காத தம்பி. கரப்பொத்தான் எங்க குடியிருக்கெண்டு முதல்ல பார்."

அன்று இரவு ஒரு மணிக்கு லைட் போடாமல் டோர்ச்சோடு போனேன். பிரிட்ஜை மெல்ல முன்னுக்கு இழுத்து, பின்பக்கம் வெளிச்சம் அடித்தேன். மோட்டரைச் சுற்றிக் கதகதப்பு. அதன் மேல் தண்ணீர் சொட்டி நிற்கும் தட்டு. அந்தத் தட்டின் விளிம்பைச் சுற்றிக் கறுப்பு மிளகுத்தூள் தூவியதுபோல எச்சம். நடுவில் ஒரு பெண் பூச்சி அசையாமல் நின்றது. வால் பக்கத்தில் முட்டைக்கூடு நீட்டிக்கொண்டிருந்தது, வெளிர் மண்ணிறத்தில், குறுக்குக் கோடுகளோடு. அந்த ஒரு கூட்டுக்குள் 30 முதல் 40 முட்டைகள் இருக்கும். குஞ்சு பொரிக்கும் நேரம்வரை தாய் அதைச் சுமந்துகொண்டே திரியும், அதுவும் பெரும்பாலும் மறைவிடத்திலேயே. வெளியில் ஓடுபவற்றை நாம் கொன்றுகொண்டிருக்க, அடுத்த தலைமுறை பிரிட்ஜுக்குப் பின்னால் வளர்ந்துவிடுகிறது. நம் ஊர்ச் சூட்டில் குஞ்சு இரண்டு மூன்று மாதத்தில் தாயாகிவிடும்.

உங்கள் வீட்டில் இருப்பதும் இந்த இனம்தானா என்று பாருங்கள். ஒன்றரை சென்றிமீற்றருக்கு மேல் வளராது, தலைக்குப் பின்னால் இரண்டு கறுப்புக் கோடுகள் இருக்கும். ஜெர்மன் கரப்பான் என்பார்கள். பெரிய சிவப்பு மண்ணிறக் கரப்பான் வேறு, அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

எனக்குக் கைகொடுத்தது ஜெல். ஊசிக் குழாய் மாதிரி ஒன்றில் அடைத்து ஹாட்வெயார் கடைகளில் விற்பார்கள். பிப்ரோனில் அல்லது இமிடாகுளோபிரிட் போட்டது. வாங்கும்போது லேபிளில் பீடைகொல்லிப் பதிவு இலக்கம் இருக்கிறதா என்று பாருங்கள். பூச்சி அதைத் தின்றுவிட்டுத் தன் மறைவிடத்துக்குப் போய்ச் சாகும். அதன் எச்சத்தையும் உடலையும் தின்னும் குஞ்சுகளும் சாகும். வெளியே வராத குஞ்சுகளைத் தேடி மருந்து அப்படித்தான் போய்ச் சேர்கிறது.

ஆனால் வைக்கத் தெரிந்து வைக்க வேண்டும். ஓரிடத்தில் பெரிதாகப் பிதுக்கினால் பயனில்லை. உளுந்தளவு புள்ளி, நிறைய இடத்தில். அலுமாரிக் கதவின் பிணைச்சலுக்குள், இழுப்பறையின் பின்மூலையில், சிங்குக்குக் கீழே பைப் சுவருக்குள் நுழையும் இடத்தில், பிரிட்ஜ் மோட்டருக்குப் பக்கத்தில், காஸ் அடுப்புக்குப் பின்னால். முன்பு ஸ்பிரே அடித்த இடங்களைச் சவர்க்காரத் தண்ணீரால் துடைத்து, காய்ந்த பிறகுதான் வைக்க வேண்டும், இல்லாவிட்டால் பூச்சி கிட்டவே வராது. நான் முதல் தடவை இதைச் செய்யாமல் ஒரு குழாய் ஜெல்லை வீணாக்கினேன். காய்ந்து கல்லாகிப்போன புள்ளியைச் சுரண்டிவிட்டுப் புதிதாக வையுங்கள். இரண்டு வாரத்தில் குறைவது தெரியும். அதோடு நிறுத்திவிடாதீர்கள். பொரிக்காத கூடுகள் மிச்சமிருக்கும், மூன்று மாதமாவது தொடர வேண்டும்.

இரவில் குசினி காய்ந்திருக்க வேண்டும், இதுவும் மருந்துக்குச் சமம். சாப்பாடு இல்லாமல் பல நாள் இருக்கும் இந்தப் பூச்சி தண்ணீர் இல்லாமல் அவ்வளவு நாள் தாங்காது. படுக்கப் போகும்முன் சிங்கைத் துணியால் துடைத்து, ஈரத் துணியை வெளியே உலரப் போட்டு, சொட்டும் பைப்புக்கு வொஷர் மாற்றினேன். பிரிட்ஜ் தட்டை வாரம் ஒரு முறை ஊற்றிக் கழுவுகிறேன். ரைஸ் குக்கரின் அடியையும் மறக்க வேண்டாம், பிளக்கைக் கழற்றி ஆறவிட்டு, கவிழ்த்துப் பாருங்கள். கடையிலிருந்து சாமான் வரும் காட்போட் பெட்டிகளை வீட்டில் ஒரு இரவுகூட வைக்காதீர்கள். எங்கள் வீட்டுக்கு முதல் பூச்சி பெரும்பாலும் அப்படித்தான் வந்திருக்கும்.

இவ்வளவும் செய்தும் ஒரு மூலையில் மட்டும் திரும்பத் திரும்ப வந்தது. சிங்குக்குக் கீழே, கழிவுப் பைப் சுவருக்குள் போகும் ஓட்டை. எல்லா மாடிக்கும் பொதுவான பைப் குழி அதற்குப் பின்னால்தான். தயக்கத்தோடு கீழ்மாடி அன்ரியின் கதவைத் தட்டினேன். "நானும் ரெண்டு வருசமா அடிச்சு அடிச்சுத்தான் மகன் பாக்கிறன். உங்கட பக்கமிருந்துதான் வருதெண்டு நினைச்சன்" என்றார். ஆக, நான் அடித்தால் அவர் வீட்டுக்கு, அவர் அடித்தால் என் வீட்டுக்கு. ஒரே கிழமையில் இரண்டு வீட்டிலும் ஜெல் வைத்து, ஓட்டைகளைச் சீமெந்தாலும் சிலிக்கோனாலும் அடைத்தோம். அதற்குப் பிறகுதான் உண்மையில் ஓய்ந்தது. பிளாட்டில் இருக்கும் எவருக்கும் நான் சொல்வது இதுதான்: மருந்து வாங்கும் அன்றே மேல் வீட்டுக்கும் கீழ் வீட்டுக்கும் பக்கத்து வீட்டுக்கும் போய்ப் பேசுங்கள்.

கைக்குழந்தை என்பதால் சில விஷயம். கரப்பானின் எச்சமும் உதிர்ந்த தோலும் முட்டு வருத்தத்தைக் கிளப்பும். ஸ்பிரே புகையும் கிளப்பும். என் மகளுக்கு இரண்டும் சேர்ந்து இரவில் இழுத்தது, நெபுலைசர் பிடிக்க அவளைத் தூக்கிக்கொண்டு ஓடிய இரவுகள் இன்னும் கண்ணுக்குள் நிற்கின்றன. செத்த பூச்சியைத் தும்புத்தடியால் கூட்டினால் தூள் பறக்கும், ஈரத் துணியால் எடுங்கள். ஜெல்லும் நஞ்சுதான், தவழும் பிள்ளையின் கை எட்டாத பிளவுகளில் மட்டும் வையுங்கள். போரிக் பவுடர் வேலை செய்யும், ஆனால் தரையில் தூவிவிடாதீர்கள். பூச்சிச் சோக்கட்டி வேண்டவே வேண்டாம், பிள்ளை எடுத்து வாயில் வைக்கும். உடுப்பு அலுமாரியில் போடும் பூச்சி உருண்டையும் கைக்குழந்தை உள்ள வீட்டில் இருக்கக் கூடாது. நப்தலின் உருண்டை போட்டு வைத்த உடுப்பால், ஜி6பிடி குறைபாடு (இரத்தச் சிவப்பணுக்களைக் காக்கும் ஒரு நொதி பிறவியிலேயே குறைவாக இருப்பது) உள்ள சிசுக்களுக்கு இரத்த அணுக்கள் உடைந்து கடும் மஞ்சள் காமாலை வந்திருக்கிறது. காஸ் அடுப்பு எரியும்போது எந்த ஸ்பிரேயும் அடிக்கக் கூடாது என்பது தெரிந்திருக்கும், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன்.

பெரிய கரப்பான் பெரும்பாலும் வடிகானிலிருந்து வருவது. பாவிக்காத பாத்ரூமின் தரைக் குழியில் தண்ணீர் வற்றினால் அந்த வழியாக ஏறும். வாரம் ஒரு கோப்பை தண்ணீர் ஊற்றி, மூடியில் மெல்லிய வலை போட்டால் போதும்.

எறும்புக்கு அதன் பாதையைச் சவர்க்காரத் தண்ணீரால் துடையுங்கள். ஆனால் ஒரு பழைய பழக்கத்தைப் பற்றி மன்றாடிக் கேட்கிறேன். சாப்பாட்டு அலுமாரியின் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் வைப்பது நம் வீடுகளில் வழக்கம். அந்தக் கிண்ணம் டெங்கு நுளம்புக்கு நல்ல தொட்டில். எங்கள் வீட்டுக் கிண்ணத்தில் டோர்ச் அடித்தபோது நெளிந்து நெளிந்து மேலே வந்தன குடம்பிகள். முட்டையிலிருந்து பறக்கும் நுளம்பாக ஏழு முதல் பத்து நாள் போதும். தண்ணீரைக் கொட்டினால் மட்டும் சரிவராது. முட்டை கிண்ணத்தின் உட்சுவரில் ஒட்டிக்கொண்டு, காய்ந்த நிலையிலும் மாதக்கணக்கில் உயிரோடிருக்கும். தேங்காய்த் தும்பால் உரஞ்சிக் கழுவ வேண்டும். நாங்கள் இப்போது கால்களைச் சுற்றி வாஸ்லின் பூசிவிடுகிறோம். பூச்சாடி, பிரிட்ஜ் தட்டு, பல்கனித் தொட்டிகளின் அடித்தட்டு, கூரைப் பீலி இவற்றையும் ஞாயிற்றுக்கிழமைகளில் பாருங்கள். 2017ல் நாட்டில் 186,000க்கு மேற்பட்டோருக்கு டெங்கு வந்தது. அந்த வருடம் எங்கள் தொடர்மாடியிலும் நாலு வீட்டில் காய்ச்சல். மாநகர சபை புகை அடித்தால் பறக்கும் நுளம்புதான் சாகும், கிண்ணத்தில் நெளிவது சாகாது. நுளம்பு பெருகும் இடத்தை வைத்திருந்தால் 2007ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டப்படி வழக்கும் போடலாம். பகலில் தூங்கும் குழந்தைக்கும் வலை போடுங்கள், இந்த நுளம்பு பெரும்பாலும் பகலில்தான் கடிக்கும்.

அரிசி வண்டு கேள்வியில் இல்லை, ஆனால் ஒரு வரி. முட்டை அரிசி மணிக்குள்ளேயே கடையிலிருந்து வருகிறது. வாங்கியதும் நாலு நாள் பிரீசரில் வைத்து, பிறகு இறுகிய மூடியுள்ள டப்பாவில் போடுங்கள்.

பிரிட்ஜுக்குப் பின்னாலும் சிங்குக்குக் கீழேயும் ஒட்டும் அட்டை ஒவ்வொன்று இன்னமும் வைத்திருக்கிறேன். கொல்வதற்கல்ல, வந்தால் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று தெரிவதற்கு. ஏழு மாதம் வெறுமையாக இருந்தது. போன மாதம் பைப் பக்க அட்டையில் ஒரே ஒரு குஞ்சு. அன்றைக்கே கீழே இறங்கி அன்ரியிடம் சொன்னேன். பின்னேரமே இரண்டு வீட்டிலும் புதுப் புள்ளி வைத்துவிட்டோம்.