சர்வீஸ் மேனுவலும் சொந்தக் கையும்: வாசகர் கேள்விகள்

பைக்குடன் ஒரு கையேடு வந்ததே, சர்வீஸ் மேனுவல் தனியாக எதற்கு?

அந்தக் கையேடு ஓட்டுபவருக்கானது. டயர் காற்றழுத்தம், ஆயில், சர்வீஸ் இடைவெளி, அவ்வளவுதான். கழற்றும் வரிசை, ஒவ்வொரு போல்ட்டுக்கும் உரிய டார்க் (இறுக்க வேண்டிய திருகு விசை), தேய்மான எல்லை, வயரிங் படம் ஆகியவை சர்வீஸ் மேனுவலில்தான் கிடைக்கும். உங்கள் மாடலுக்கும் ஆண்டுக்கும் உரியதையே தேடி எடுங்கள்.

போல்ட்டைக் கைப்பழக்கத்தில் இறுக்கினால் போதாதா?

போதாது; இதில் நான் விட்டுக்கொடுக்கவே மாட்டேன். போல்ட் எஃகு, இன்ஜின் உடல் அலுமினியம். அளவுக்கு மீறி இறுக்கினால் மரை போவது பெரும்பாலும் இன்ஜின் பக்கம். குறித்த டார்க்கில் இறுக்க உதவும் டார்க் ரெஞ்ச் வாங்குங்கள், அலகைக் கவனியுங்கள்: 1 கிலோகிராம் மீட்டர் என்பது ஏறத்தாழ 9.8 நியூட்டன் மீட்டர். மேனுவலில் ஓர் அலகைப் படித்து ரெஞ்சில் இன்னொன்றை வைத்தால் போல்ட் முறியலாம், அல்லது தளர்ந்தே நிற்கலாம். ஆயில் தடவச் சொன்ன மரைக்கு மட்டும் தடவுங்கள். உலர்ந்த மரைக்கான டார்க்கை ஆயில் பட்ட மரைக்குக் கொடுத்தால், உராய்வு குறைந்து போல்ட் தேவைக்கு மேல் இழுபடும். பல போல்ட் உள்ள மூடியை எதிரெதிராக, இரண்டு மூன்று சுற்றுகளில் இறுக்குங்கள்.

டேப்பெட் (வால்வுக்கும் அதை அழுத்தும் ராக்கருக்கும் நடுவிலுள்ள இடைவெளி) பார்க்க, பிஸ்டன் உச்சியில் நிற்பதைக் காட்டும் ‘டி’ கோட்டைச் சரியாக வைத்தேன். ஃபீலர் கேஜ் (இடைவெளியை அளக்கும் மெல்லிய தகடு) நுழையவே இல்லை. ஏன்?

நான்கு ஸ்ட்ரோக் இன்ஜினில் கிராங்க் இரண்டு சுற்று சுற்றினால்தான் ஒரு சுழற்சி முடியும். அதனால் ‘டி’ கோடு இருமுறை வரும். நீங்கள் நின்றது எக்ஸாஸ்ட் முடியும் இடமாக இருக்கலாம். அங்கே வால்வுகள் சற்றுத் திறந்திருக்கும். இன்னும் ஒரு முழுச்சுற்று சுற்றி, ராக்கர்கள் லேசாக ஆடுகின்றனவா என்று பாருங்கள். ஆடினால் அதுதான் கம்ப்ரஷன் முடியும் இடம்; வால்வுகள் மூடியிருக்கும், அங்கேதான் அளக்க வேண்டும். இன்ஜின் ஆறியிருக்க வேண்டும். அங்கும் நுழையவில்லை என்றால் இடைவெளி உண்மையிலேயே குறைந்துவிட்டது; சரிசெய்யாமல் ஓட்டாதீர்கள், வால்வு கருகிவிடும்.

பிரேக் டிஸ்க்கின் தடிமன் ‘ஸ்டாண்டர்டு’க்கும் (புதிதின் அளவு) ‘சர்வீஸ் லிமிட்’டுக்கும் (தேய்மான எல்லை) நடுவில் நிற்கிறது. மாற்றவா?

இப்போது வேண்டாம். லிமிட்டை நெருங்கிவிட்டால் அடுத்த சர்வீஸ்வரை காத்திருக்காமல் மாற்றுங்கள். மைக்ரோமீட்டரால் பல இடங்களில் அளந்து, கிடைப்பதில் குறைந்த அளவையே கணக்கில் கொள்ளுங்கள். வெர்னியர் தேயாத விளிம்பில் உட்கார்ந்து தடிமனைக் கூட்டிக் காட்டும்.

காருக்கு வாங்கிய ஆயில் மீதமிருக்கிறது, பைக்கில் ஊற்றலாமா?

வேண்டாம். பெரும்பாலான பைக்குகளில் கிளட்ச் இன்ஜின் ஆயிலிலேயே மூழ்கியிருக்கிறது. உராய்வைக் குறைக்கும் கார் ஆயிலில் அது வழுக்கும். மேனுவல் ஜாஸோ எம்ஏ அல்லது எம்ஏ2 (ஆயிலில் மூழ்கிய கிளட்ச் உள்ள பைக்குகளுக்கான ஜப்பானிய ஆயில் தரங்கள்) என்று சொன்னால் டப்பாவிலும் அதுவே இருக்க வேண்டும்.