நூறாண்டு மழையும் இருபதாண்டுக் கடனும்

அன்புள்ள ஐயா,

வேளச்சேரியில் தரைத்தளத்து வீடு ஒன்றைப் பேசி முடிக்கும் நிலையில் இருக்கிறேன். வங்கிக் கடன் 20 ஆண்டுகளுக்கு. 2015 வெள்ளத்தைப் பற்றிக் கேட்டால் தரகர், “அது நூறாண்டு மழை சார், வந்து போய்விட்டது. இனி உங்கள் பேரன் காலத்தில்தான்” என்கிறார். சென்னையின் சராசரி மழையே ஆண்டுக்கு 1,400 மில்லிமீட்டர்தானாம். பள்ளியில் படித்த புள்ளியியல் முழுக்க மறந்துவிட்டது. நிகழ்தகவு, சராசரி, திட்ட விலக்கம் இவற்றை எனக்குப் புரியும்படி சொல்வீர்களா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

தரகர் பொய் சொல்கிறார் என்று நினைக்கவில்லை. நிறையப் படித்தவர்களே அப்படித்தான் நம்புகிறார்கள். நாள் பார்த்துப் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை வர, மழை என்ன மகாமகமா? எந்த ஓர் ஆண்டை எடுத்தாலும் அந்த அளவு மழை பெய்வதற்கான நிகழ்தகவு 1 சதவீதம். நூறாண்டு மழை என்பதற்கு அவ்வளவுதான் பொருள்.

தாயம் ஆடியிருப்பீர்கள். பத்து முறை உருட்டியும் விழாவிட்டால் ‘இந்த முறை விழுந்தே தீரும்’ என்போம். விழுந்த மறுகணம் ‘இனி விழாது’ என்போம். கட்டை இதையெல்லாம் எண்ணிக்கொண்டிருப்பதில்லை. 2015இல் பெய்துவிட்டதால் அடுத்த ஆண்டுக்கு விலக்கு எதுவும் கிடையாது. எட்டே ஆண்டில், 2023 டிசம்பரில், மிக்ஜாம் புயலின்போது வேளச்சேரி மறுபடி தண்ணீரில் நின்றது.

இனி உங்கள் கடன். ஓர் ஆண்டு தப்பிக்க 99 சதவீத வாய்ப்பு. இருபது ஆண்டும் தொடர்ந்து தப்பிக்க 0.99ஐ இருபது முறை பெருக்க வேண்டும். ஏறத்தாழ 82 சதவீதம் வரும். மீதி 18 சதவீதம், கடன் தீருமுன் ஒருமுறையாவது அப்படிப் பெய்வதற்கான வாய்ப்பு. ஒன்று, இரண்டு, மூன்று, வெறுமை என நான்கு பக்கமுள்ள இரண்டு தாயக்கட்டைகள் 16 விதமாக விழலாம். அவற்றில் தாயம், அதாவது ஒரு கட்டையில் ஒன்றும் மற்றதில் வெறுமையும், இரண்டே விதம், 12.5 சதவீதம். ஒரே உருட்டலில் தாயம் போட்டவர்களை நீங்களே பார்த்திருப்பீர்கள். இது அதைவிட எளிதில் நடக்கக்கூடியது.

இதுவும் ஓர் இடத்துக்கான கணக்குதான். 2015 டிசம்பர் 2 காலையுடன் முடிந்த 24 மணி நேரத்தில் நுங்கம்பாக்கத்தில் சுமார் 29 சென்டிமீட்டர், தாம்பரத்தில் 49. ஒரே நகரம், ஒரே இரவு! தவிர, மழை வேறு, வெள்ளம் வேறு. வேளச்சேரியை ஒட்டிய பள்ளிக்கரணை சதுப்பு நிலம் சுருங்கச் சுருங்க, முன்பு வடிந்துபோன மழையே இப்போது வீட்டுக்குள் வருகிறது. அந்த 1 சதவீதத்தில் இது சேரவில்லை.

சராசரிக்கு வருவோம். 1,400 சரிதான். ஆனால் 2015இல் 2,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டியது. 2018இல் வடகிழக்குப் பருவமழை பொய்த்தது. 2019 கோடையில் செம்பரம்பாக்கம், புழல், பூண்டி, சோழவரம் ஏரிகள் நான்கும் வறண்டு, தெருவெங்கும் குடங்கள் வரிசையில் நின்றன. வெள்ளமும் வறட்சியும் சேர்ந்துதான் அந்த 1,400. ஆண்டுகள் அதிலிருந்து பொதுவாக எவ்வளவு தள்ளி விழுகின்றன என்று அளப்பதே திட்ட விலக்கம். வீட்டு விளம்பரங்களில் அதை மட்டும் போடமாட்டார்கள்.

முன்பணம் கொடுக்குமுன், 2015இல் அந்தத் தெருவில் தரைத்தளத்தில் குடியிருந்த ஒருவரைத் தேடிப் பிடியுங்கள். தண்ணீர் எதுவரை நின்றது என்று சுவரில் கைவைத்துக் காட்டுவார்.