அப்பாரு முடிந்துகொண்ட மணல்

அன்புள்ள ஐயா,

போன மாதம் குடும்பத்தோடு தனுஷ்கோடி போயிருந்தோம். அரிச்சல்முனை வரை கார் போகிறது. ஆனால் பார்க்க என்ன இருக்கிறது? இடிந்த சர்ச், கடைகள், வெறும் மணல். எங்கள் அப்பாரு மட்டும் ஒரு பிடி மணலை அள்ளித் துண்டில் முடிந்துகொண்டார். தாராபுரம் வரும்வரை அதைச் சொல்லியே சிரித்தோம். ராமேஸ்வரம் எப்போதாவது நிலத்தோடு சேர்ந்திருந்ததா? பாக் விரிகுடாவுக்கும் பாக்குக்கும் சம்பந்தம் உண்டா? 64 புயலைப் பற்றியும் எழுதுங்கள்.

செ., தாராபுரம்

அன்புள்ள தம்பி,

பாக்குக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. 18ஆம் நூற்றாண்டில் சென்னை கவர்னராக இருந்த ராபர்ட் பாக் என்பவரின் பெயர் அது. சேர்ந்திருந்ததா என்றால், சேர்ந்துதான் இருந்தது. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் பனியுகத்தில் கடல்மட்டம் இன்றையதைவிட 120 மீட்டர் கீழே கிடந்தது. பாக் விரிகுடாவோ பெரும்பாலும் 15 மீட்டர் ஆழம்கூட இல்லாத கடல். இலங்கைக்குக் காலில் சேறு படாமல் போயிருக்கலாம். 1964 டிசம்பர் 22 இரவு ரயிலோடு ஊரே போனதை எல்லாரும் எழுதிவிட்டார்கள். என்னை விட்டுவிடுங்கள்.

'வெறும் மணல்' என்றீர்களே, அதற்கு வருகிறேன்.

2017இல் தார்ச்சாலை வருவதற்கு முன்பு நான் அங்கே போனேன். முகுந்தராயர் சத்திரத்திலிருந்து வேனில், மணலிலும் அலையிலும் மாறி மாறி உருண்டு போக வேண்டும். குடிசைக்குப் பக்கத்தில் ஓர் அம்மா முழங்கால் ஆழக் குழியில் குந்தி, சிரட்டையால் தண்ணீர் மொண்டு குடத்தில் ஊற்றிக்கொண்டிருந்தார். நம் ஊரில் தேங்காய்த்தொட்டி என்போமே, அதுதான். இந்தப் பக்கம் பாக் விரிகுடா, அந்தப் பக்கம் மன்னார் வளைகுடா, நடுவில் ஒரு கீற்று மணல். குடித்துப் பார்த்தேன். நல்ல தண்ணீர். நம்ப முடியாமல் இன்னொரு தொட்டி வாங்கிக் குடித்தேன்.

மழை மணலில் இறங்கி, கீழே இருக்கும் உப்புத் தண்ணீரின் மேல் மிதக்கிறது. நல்ல தண்ணீர் லேசு, கடல் தண்ணீர் கனம். கடல்மட்டத்துக்கு மேலே ஒரு மீட்டர் நல்ல தண்ணீர் நின்றால், கீழே 40 மீட்டர் வரை அது உப்பை அமுக்கி வைத்திருக்கும் என்று கணக்கு இருக்கிறது. ஆனால் ஆசைப்பட்டு ஆழமாகத் தோண்டி இறைத்தால் உப்பு மேலேறிவிடும். அதனால்தான் சிரட்டை. ஊறுவதற்கு நேரம் கொடுத்து, மேலாக, கொஞ்சமாக மொள்கிறார்கள்.

நாம் என்ன செய்தோம்? நம்முடையது பாறை பூமி. அமராவதியும் நொய்யலும் கொண்டுவந்து போட்ட மணல்தான் நமக்குத் தண்ணீர்த் தொட்டி. வெண்ணெய்க்குப் பேர்போன ஊத்துக்குளியின் பெயரிலேயே ஊத்து இருக்கிறது. உங்கள் ஊருக்குக் கிழக்கே, அமராவதிக் கரையில்தான் நான் வளர்ந்தேன். சித்திரையில் ஆற்றில் தண்ணீர் ஓடாது. ஆத்தா கையாலேயே மணலைப் பறிப்பாள். முதலில் கலங்கல், அதை இறைத்துக் கொட்டிவிட்டு வெற்றிலை போட்டு முடிப்பதற்குள் தெளிந்த தண்ணீர் ஊறி நிற்கும். அப்புறம் லாரிகள் வந்தன. யாரையும் குறை சொல்லப்போவதில்லை, என் வீட்டுச் சுவரிலும் அந்த மணல்தான் இருக்கிறது. வீடு கட்டி ஒன்பதாம் வருஷம் தோட்டத்தில் போர் போட்டோம். 1,100 அடி போயும் புகைதான் வந்தது. ராத்திரி முழுக்க வண்டிக்காரர் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அந்தச் சிரட்டைதான் ஞாபகத்துக்கு வந்தது.

இதையெல்லாம் பார்க்காமல் காரில் சிரித்துக்கொண்டு வந்திருக்கிறீர்கள். கோபம்தான் வருகிறது, தம்பி. காசிக்குக் கொண்டுபோவதற்காகச் சேது மணலை எடுக்கிறவர்கள் உண்டு. உங்கள் அப்பாரும் அதற்காக எடுத்திருக்கலாம். எனக்கு என்னவோ வேறு மாதிரி தோன்றுகிறது. அத்தனை மணலை ஒரே இடத்தில் அவர் பார்த்து எத்தனை வருஷம் ஆகியிருக்கும்!

அந்தத் துண்டை யாராவது உதறித் துவைத்துவிடுவதற்குள், அவர் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள்: தாராபுரத்து ஆற்றில் கடைசியாக ஊத்துப் பறித்தது எந்த வருஷம் என்று. கேட்டு எனக்கு எழுதுங்கள்.