இந்தோனேசிய இயக்குநர் ஜோகோ அன்வரின் பேய்ப்படக் கதைகள் மற்றவற்றிலிருந்து எப்படி வேறுபடுகின்றன?

சுருக்கமாகச் சொன்னால், பேய் வருவதற்கு முன்பே அவர் குடும்பத்தைக் கடனில் தள்ளிவிடுவார்.

1976-இல் மேடானில் பிறந்தவர். பாண்டுங் தொழில்நுட்பக் கழகத்தில் விண்வெளிப் பொறியியல் படித்து, ஜகார்த்தா போஸ்ட் நாளிதழில் சினிமா விமர்சகரானார். 2003-இல் இயக்குநர் நியா டினாட்டாவோடு 'அரிசான்!' திரைக்கதையை எழுதினார். 2005-இல் 'ஜஞ்ஜி ஜோனி' மூலம் இயக்குநர்.

அவர் பாணி புரிய 2017-இன் 'பெங்கப்டி செத்தான்' போதும். (முடிவு தெரியக்கூடாதென்றால் இதோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.) கதை நடப்பது 1981-இல். பாடகியான தாய் படுத்த படுக்கை. பழைய பாட்டுகளுக்கான உரிமைத்தொகையும் வற்றிவிட்டது, வைத்தியத்தில் சொத்து கரைகிறது. அவள் இறந்ததும் அப்பா வேலையாக நகரத்துக்குப் போகிறார். பிள்ளைகள் தனியாக மாட்டிக்கொள்வதற்கு இப்படிக் காரணம் கிடைத்துவிடுகிறது. பயமுறுத்தத் தாய் அடிக்கும் மணிச்சத்தமே போதும். 1980-இல் வந்த மூலப்படத்தில் மதம் குடும்பத்தைக் காப்பாற்றும். இவர் கதையிலோ உதவ வரும் உஸ்தாதே (இஸ்லாமிய மத ஆசிரியர்) கொல்லப்படுகிறார். ஒரே மாற்றம்தான், ஆனால் பார்வையாளருக்குத் தப்பிக்கும் வழி அடைபட்டுவிடுகிறது.

2019-இன் 'பெரம்புவான் தானா ஜஹனாம்' படத்திலும் நாயகியைச் சொந்தக் கிராமத்துக்கு இழுப்பது பணமுடைதான்: பூர்வீக வீடு கிடைக்குமா என்ற ஆசை.

பலவீனமும் உண்டு. கடைசி அரைமணியில் முன்கதையை மொத்தமாகக் கொட்டி விளக்குவார். அதுவரை சேர்ந்த பதற்றம் அங்கே தளர்ந்துபோகிறது.