தாய்லாந்துப் பிரதமர் பிபூனின் சர்வாதிகாரத்தை எதிர்த்த அந்நாட்டு இரகசிய இயக்கத்துக்கும் திருகோணமலைக்கும் என்ன தொடர்பு?

சுருக்கமாகச் சொன்னால், பயிற்சி இங்கே, சதி பாங்காக்கில். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் துறைமுகமும் சீனக்குடா விமானத்தளமும் பிரித்தானியர் கையில் இருந்தது எங்கள் ஊரில் எல்லாருக்கும் தெரியும். அமெரிக்க உளவு அமைப்பான ஓ.எஸ்.எஸ். கண்டியில் தலைமையகம் வைத்து, திருகோணமலையில் பயிற்சி முகாம் நடத்தியதைத்தான் யாரும் பெரிதாகப் பேசுவதில்லை. அங்கே பயின்றவர்களில் அந்த இரகசிய இயக்கமான 'சுதந்திரத் தாய்' (Free Thai) இளைஞர்களும் உண்டு.

சரி, எதற்காக? பீல்ட் மார்ஷல் பிபூன் ஜப்பானோடு கைகோத்து, 1942 ஜனவரி 25இல் பிரித்தானியாவுக்கும் அமெரிக்காவுக்கும் எதிராகப் போர் அறிவித்தார். வாஷிங்டனில் இருந்த அவருடைய தூதர் சேனி பிரமோஜ் அதைக் கையளிக்கவே மறுத்துவிட்டார். பாங்காக்கிலோ, அரசப் பிரதிநிதி பிரிதி பனோம்யோங்கே இரகசிய இயக்கத்தின் தலைவர்!

இதில் பெரிய கூத்து பொலிஸ் கதைதான். 1944 மார்ச்சில் பிரித்தானியர் பரசூட்டில் இறக்கிய இயக்கத்து இளைஞர் புவே உங்பாகோர்ன் பிடிபட்டார். ஆளை முடித்திருப்பார்கள் என்றுதானே நினைப்பீர்கள்? பொலிஸ் தலைவர் அதுல் இயக்கத்தின் பக்கம் சாய்ந்திருந்ததால், புவே காவலில் இருந்தபடியே பிரித்தானியருக்கு வானொலிச் செய்தி அனுப்பினார். ஜப்பானியருக்குக் காட்டக் கைதி, உள்ளுக்குள் இயக்கத்தின் ஆள்.

பிபூன் விழுந்தது துப்பாக்கியால் அல்ல. தலைநகரைப் பெட்சபூனுக்கு மாற்றும் சட்டமூலத்தை நாடாளுமன்றம் தோற்கடிக்க, 1944 ஜூலையில் பதவி விலகினார். பின்னால் நின்று காய் நகர்த்தியவர்களில் பிரிதி முக்கியமானவர். அப்புறம் 1947இல் இராணுவம் ஆட்சியைப் பிடித்தது. பிரிதி நாட்டை விட்டுத் தப்பினார். அடுத்த ஆண்டு பிபூனே மறுபடி பிரதமர்.