ரிசார்ட் ரூமுக்கு யார் காசு கொடுப்பது?

கேள்வி: சேலம் அஸ்தம்பட்டியில் இருக்கிறேன். சீரியல், வெப் சீரிஸ் பற்றி மூன்று வருடமாக யூடியூபில் பேசி வருகிறேன். இதே வேலை செய்கிறவர்கள் சேலம், நாமக்கல், ஈரோடு பக்கம் எட்டுப் பேர் சேர்ந்திருக்கிறோம். அமெரிக்காவில் டிவி விமர்சகர்களுக்கென்றே ஒரு சங்கம் இருக்கிறதாமே, அதுபோல நாங்களும் தொடங்கினால் சேனல்கள் மதிப்பார்களா, எபிசோடை முன்கூட்டியே காட்டுவார்களா? இதற்கிடையில் ஒரு தயாரிப்பு நிறுவனத்தின் பிஆர்ஓ, புதுத் தொடர் அறிமுகத்துக்கு எங்களை இரண்டு நாள் ஏற்காட்டுக்குக் கூப்பிட்டிருக்கிறார். கார், ரூம், சாப்பாடு எல்லாம் அவர்கள் செலவு. போகலாமா?

பதில்: ஏற்காடு கேள்விக்குப் பதில் சொன்னால் சங்கத்துக்கும் பாதி சொன்ன மாதிரிதான். அந்த அமெரிக்கச் சங்கம் பிறந்ததே இந்த மாதிரி ஒரு அழைப்பை வைத்துத்தான்.

டெலிவிஷன் கிரிட்டிக்ஸ் அசோசியேஷன் என்று பெயர், சுருக்கமாக டிசிஏ. 1978-ல் தொடங்கியது. அதற்கு முன்பு, ஏபிசி, சிபிஎஸ், என்பிசி என்று மூன்று பெரிய நெட்வொர்க்குகள் கோலோச்சிய காலத்தில், பத்திரிகைகளின் டிவி விமர்சகர்களை அவர்களே லாஸ் ஏஞ்சல்ஸுக்கு வரவழைத்துப் புதுத் தொடர்களைக் காட்டுவார்கள். டிக்கெட், ஓட்டல் எல்லாம் நெட்வொர்க் கணக்கு. யார் எத்தனை மணிக்கு யாரைப் பேட்டி எடுக்கலாம் என்பதும் அவர்கள் கையில். காலப்போக்கில் பத்திரிகைகளுக்கே இது உறுத்தியது. எங்கள் ஆள் டிக்கெட்டை நாங்களே போடுகிறோம் என்றார்கள். விமர்சகர்களும் ஒன்றுகூடி, நிகழ்ச்சி நிரலில் எங்களுக்கும் பங்கு வேண்டும் என்று கேட்டார்கள். அப்படி வந்ததுதான் சங்கம். இன்றைக்கு அமெரிக்கா, கனடாவைச் சேர்ந்த 200-க்கும் மேற்பட்ட டிவி பத்திரிகையாளர்கள் அதில் இருக்கிறார்கள்.

அவர்களுடைய முக்கிய வேலை 'பிரஸ் டூர்'. ஜனவரி வாக்கில் ஒன்று, ஜூலை-ஆகஸ்டில் ஒன்று என்பது நெடுங்கால வழக்கம். லாஸ் ஏஞ்சல்ஸ் பக்கத்துப் பாசடீனாவிலோ பெவர்லி ஹில்ஸிலோ ஒரு ஓட்டலின் பெரிய ஹால். மேடையில் நாற்காலி வரிசை, அதில் தொடரை உருவாக்கியவரும் நடிகர்களும். கீழே விமர்சகர்கள் மடியில் லேப்டாப்போடு. மைக் கைமாறிக்கொண்டே இருக்கும். நேரம் முடிந்ததும் அடுத்த தொடர். கல்யாண மண்டபத்தில் பந்தி மாறுவது மாதிரிதான். எவ்வளவு பெரிய நட்சத்திரம் மேடையேறினாலும் விமர்சகர்கள் கை தட்டுவதில்லை என்பது அங்கே ஊறிப்போன வழக்கம். நம் ஊர் பிரஸ் மீட்டில் பூங்கொத்து, விசில், செல்ஃபி எல்லாம் பார்த்துப் பழகியவர்களுக்கு அந்த அமைதி விநோதமாக இருக்கும்.

தொடர்களைவிடச் சூடானது, சேனல் தலைமை நிர்வாகி தனியாக வந்து உட்காரும் அமர்வு. அந்தத் தொடரை ஏன் நிறுத்தினீர்கள், இந்த ஸ்லாட்டை ஏன் மாற்றினீர்கள் என்று நேருக்கு நேர் கேட்பார்கள். சங்கத்தின் பலம் இங்கேதான். தனியாக ஒருவர் கேட்டால் பிஆர்ஓ போனை எடுக்காமலே இருந்துவிடலாம். 200 பேர் உட்கார்ந்திருக்கிற ஹாலில் எழுந்து போக முடியாது.

சரி, செலவு? தங்கள் தொடர்களைக் காட்டுகிற நாட்களுக்கான ஏற்பாட்டைச் சேனல்கள் பார்த்துக்கொள்ளும். மதியச் சாப்பாடும் சாயங்கால விருந்தும் அவர்கள் கணக்குத்தான், யாரும் துறவறம் பூணவில்லை. ஆனால் டிக்கெட்டும் ரூமும் விமர்சகரின் பத்திரிகையுடையது, அல்லது அவரே போட்டுக்கொள்வது.

1985 முதல் விருதும் கொடுக்கிறார்கள். உறுப்பினர்களே வாக்களிப்பார்கள். நடிப்புக்கான விருதை நடிகர், நடிகை என்று பிரிப்பதில்லை. விழா டிவியில் வராது. டிவி பற்றிய விருது டிவியில் வராதது வேடிக்கைதான், ஆனால் ஒளிபரப்பு உரிமை விற்பதற்கு இல்லை என்றால் யாருக்கு விருது கொடுத்தால் ரேட்டிங் வரும் என்ற கணக்கும் இல்லை.

அந்தக் கணக்கில் சிக்கியது ஹாலிவுட்டில் இருந்த இன்னொரு சங்கம். 1943-ல் தொடங்கிய ஹாலிவுட் ஃபாரின் பிரஸ் அசோசியேஷன், கோல்டன் குளோப் விருது கொடுத்துவந்தவர்கள். 2019-ல் ஒரு தொடரின் தரப்பினர், படப்பிடிப்பைக் காட்ட இவர்களில் 30-க்கும் மேற்பட்ட உறுப்பினர்களைப் பாரிஸுக்குக் கூட்டிப்போய் ஐந்து நட்சத்திர ஓட்டலில் இரண்டு இரவு தங்க வைத்தார்கள். பிறகு அந்தத் தொடர் பரிந்துரைப் பட்டியலில் வந்தது. 2021-ல் லாஸ் ஏஞ்சல்ஸ் டைம்ஸ் இதைப் போட்டு உடைத்தது. 87 உறுப்பினர்களில் ஒரு கறுப்பினத்தவர்கூட இல்லை என்பதும் அப்போதுதான் பெரிதாகப் பேசப்பட்டது. 2022 விழாவை என்பிசி ஒளிபரப்ப மறுத்தது. 2023-ல் விருது கைமாறி, சங்கம் கலைக்கப்பட்டது. பாரிஸுக்குப் பதில் ஏற்காடு என்று போட்டுப் பாருங்கள், உங்கள் அழைப்பிதழ் அதே அச்சில் இருக்கிறது.

இதில் நான் ஒன்றும் யோக்கியன் இல்லை. பல வருடம் முன்பு ஜங்ஷன் பக்கம் ஒரு ஓட்டலில் தொடர் அறிமுகம். பிரஸ் நோட்டுக்குள் கவர் இருந்தது, அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். கூடவே தந்த எவர்சில்வர் டிபன் கேரியரை மட்டும் எப்படியோ வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டேன். அம்மா அதில் தினமும் சாம்பார் ஊற்றித் தருவார். மூடியில் தொடரின் பெயர் பொறித்திருக்கும். அந்தத் தொடர் ஆறு மாதத்தில் மாமியார் விஷம் வைக்கிற ட்ராக்குக்குப் போனபோது எழுத உட்கார்ந்தேன், ஒரு பத்திக்கு மேல் ஓடவில்லை.

முன்கூட்டியே எபிசோட் கிடைக்குமா என்றால், ஓடிக்கொண்டிருக்கிற தினசரி சீரியலுக்குக் கிடைக்காது. சங்கம் இருந்தாலும் கிடைக்காது. கையில் பேங்க், அதாவது முன்கூட்டி எடுத்து வைத்த எபிசோட், குறைவாக இருக்கிற தொடரில் இன்றைக்கு எடுத்தது ஓரிரு நாளில் ஒளிபரப்பாகிவிடும். அவர்களிடமே இல்லாததை உங்களுக்கு எப்படிக் காட்டுவார்கள்? வியாழக்கிழமை, எத்தனை பேர் பார்த்தார்கள் என்று அளக்கும் பார்க் (BARC) அமைப்பின் டிஆர்பி வந்ததும் கதையே திசை மாறும். அங்கே விமர்சகரின் வேலை, நூறு எபிசோட் பார்த்துவிட்டு கதை எங்கே தடம் புரண்டது என்று நிதானமாகச் சொல்வது. ஓடிடி தொடர் வேறு. முழுக்க முடிந்த பிறகே வெளியாவதால் லிங்க் அனுப்ப முடியும். திரையில் உங்கள் பெயர் வாட்டர்மார்க்காக ஓடும், இந்தத் தேதி, இந்த மணிக்கு முன் வாய் திறக்கக்கூடாது என்று எம்பார்கோ போடுவார்கள். எட்டுப் பேரில் ஒருவர் மீறினாலும் எட்டுப் பேருக்கும் கதவு சாத்தப்படும். அதனால் எம்பார்கோ மீறினால் என்ன தண்டனை என்பது உங்கள் பைலாவில், அதாவது சங்க விதிகளில், முதல் பக்கத்திலேயே இருக்கட்டும்.

பதிவு செய்வது பெரிய காரியமில்லை. தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம், 1975-ன்படி குறைந்தது ஏழு பேர் வேண்டும், நீங்கள் எட்டுப் பேர் இருக்கிறீர்கள். மாவட்டப் பதிவாளர் அலுவலகத்தில் மனு கொடுக்கலாம். நோக்கத்தில் கலை, பண்பாடு, பயனுள்ள அறிவைப் பரப்புதல் என்று எழுதுங்கள். பதிவுக்குப் பிறகு வருடா வருடம் பொதுக்குழு, கணக்குத் தாக்கல் உண்டு. பல சங்கங்கள் லெட்டர்பேடு அடித்ததோடு நின்றுபோவது அங்கேதான். என்னைக் கேட்டால் ஒரு வருடம் பதிவில்லாமல் நடத்திப் பாருங்கள். உறுப்பினராக யார் வரலாம் என்பதை மட்டும் இப்போதே கறாராக வையுங்கள். சீரியலுக்கு ப்ரோமோஷன் வீடியோ செய்து காசு வாங்குகிறவர் உள்ளே வந்தால், மற்ற ஏழு பேரின் பேச்சும் விளம்பரமாகத்தான் கேட்கும்.

இப்போது ஏற்காடு. இலவசத் தங்கல் வாங்கிக்கொண்டு தொடரைப் பாராட்டிப் பேசினால், அதை வீடியோவிலேயே தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று 2023 ஜனவரியில் நுகர்வோர் விவகாரத் துறை வழிகாட்டுதல் வெளியிட்டிருக்கிறது. பணம் மட்டுமில்லை, பரிசு, பயணம், ஓட்டல் எல்லாம் கணக்கில் வரும். டிஸ்கிரிப்ஷனில் ஹேஷ்டேக் கூட்டத்துக்கு நடுவே ஒளித்துவைத்தால் செல்லாது. தவறாக வழிநடத்தும் விளம்பரம் என்று முடிவானால் முதல் தடவையே அபராதம் 10 லட்சம் ரூபாய் வரை போகலாம். இது போக, தொழில் காரணமாக ஒரே நிறுவனத்திடம் வருடத்தில் 20,000 ரூபாய்க்கு மேல் இலவசம் வாங்கினால் 10 சதவீத டிடிஎஸ் (வரிப் பிடித்தம்) உண்டு, 2022 ஜூலையிலிருந்து. இரண்டு இரவு ரிசார்ட்டும் காரும் அந்தத் தொகையைச் சுலபமாகத் தொட்டுவிடும்.

ஆனால் அழைப்பைத் தட்டிக் கழிக்கவும் வேண்டாம். இயக்குநரும் நடிகர்களும் ஒரே இடத்தில் கிடைப்பது உங்களுக்குத் தேவைதான். சேலத்திலிருந்து ஏற்காடு 30 கிலோமீட்டர் சுமார், கொண்டை ஊசி வளைவு இருபது, அவ்வளவுதானே. காலையில் ஏறி இரவு வீட்டுக்குச் சாப்பிட வந்துவிடலாம். எட்டுப் பேரும் காசு போட்டு ஒரு வேன் பிடியுங்கள். பிஆர்ஓவுக்கு இன்றே ஒரு வாட்ஸப் போடுங்கள்: "சார், எட்டுப் பேரும் வருகிறோம். வண்டி எங்களுடையது, ரூம் வேண்டாம், கிஃப்ட் வேண்டாம். மதியச் சாப்பாடு உங்களோடு. முதல் இரண்டு எபிசோட் முழுசாகக் காட்டுங்கள், அப்புறம் இயக்குநரோடு முக்கால் மணி நேரம், கேள்விகளை முன்கூட்டி அனுப்ப மாட்டோம்." ஒத்துக்கொண்டால் உங்கள் சங்கத்தின் முதல் பிரஸ் டூர் அதுதான். மாட்டேன் என்றால் அந்த பதிலை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள், பைலா எழுதும்போது உதவும்.